தனியே அழைக்கப்பட்டவன்

சிறையிலிருந்து தப்ப முயலும் ஐந்து கைதிகளைப் பற்றிய 'லெ த்ரூ' (ஓட்டை) படத்தைப் பார்த்து முடித்தவர்கள் முதலில் சொல்லும் சொல் துரோகி என்பதுதான். தர்மபுரியில் நண்பர் ஒருவரின் மாடியறையில் நாங்கள் சிலர் அவ்வப்போது கூடிப் படம் பார்ப்பது வழக்கம். அன்றைக்கும் விளக்கைப் போட்டவுடன் பேச்சு அதில்தான் தொடங்கியது. பள்ளி ஆசிரியரான ஒருவர், கடைசியில் மற்றவர்களைக் காட்டிக்கொடுக்கும் கஸ்பார் வசதியான வீட்டுப் பிள்ளை, மற்ற நால்வரும் கையை ஊன்றிக் கரணம் போட்டுப் பிழைத்தவர்கள், ஆகவே அவன் அந்தச் சிறையறைக்குள் நுழையும்போதே முடிவு தெரிந்துவிட்டது என்றார். எல்லோரும் தலையாட்டினார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. முடிவு முதலிலேயே தெரிந்த ஒன்று என்றால், இயக்குநர் எதற்காக இரண்டு மணி நேரம் அந்த ஐந்து பேரையும் ஒரே தட்டில் சாப்பிட வைத்தார், ஒரே குழிக்குள் இறக்கினார், ஒருவர் தூங்க மற்றவர் காவல் இருக்கச் செய்தார் என்று கேட்டேன். பதில் வரவில்லை. ஆனால் என் கேள்விக்கு என்னிடமும் பதில் இருக்கவில்லை. அதனால் அந்தப் படம் பல வாரங்கள் என்னை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தது.

1960இல் வெளிவந்த இந்தப் பிரெஞ்சுப் படத்தை எடுத்தவர் ஜாக் பெக்கர். படம் திரைக்கு வருவதற்குச் சில வாரங்கள் முன்பே அவர் இறந்துவிட்டார். பாரிஸ் நகரின் லா சாந்தே சிறையில் 1947இல் நடந்த ஒரு தப்பும் முயற்சியை, அதே சிறையில் இருந்த ஜோசே ஜொவானி 1957இல் நாவலாக எழுதினார். படத்துக்கு மூலம் அதுதான். அந்த முயற்சியில் நேரடியாகப் பங்கெடுத்த ஒருவர் ஜான் கெரோதி என்ற பெயரில் கைதிகளில் ஒருவனான ரொலாணாக நடித்திருக்கிறார். படத்தின் தொடக்கத்தில் ஒரு காரைப் பழுதுபார்த்துக்கொண்டிருக்கும் அவர் நிமிர்ந்து நம்மைப் பார்த்து, என் நண்பர் ஜாக் பெக்கர் ஒரு உண்மைக் கதையை எடுத்திருக்கிறார், அது என் கதை என்று சொல்வார். பின்னணி இசை கிடையாது. நடித்தவர்களில் பலர் அதற்கு முன் நடிகர்களாக இருந்தவர்களே அல்லர். ஒரு செல், அதில் நான்கு பேர், அவர்களோடு ஐந்தாவதாகக் கொண்டுவந்து அடைக்கப்படும் கஸ்பார் என்ற இளைஞன். இவ்வளவுதான் கதையின் முதலீடு.

இந்த ஐந்தாவது ஆள் நல்லவனா கெட்டவனா என்பது அந்த நால்வரின் கேள்வியாக இருக்கவில்லை என்பதைப் படத்தைத் திரும்பப் பார்த்தபோதுதான் கவனித்தேன். அவன்மேல் என்ன வழக்கு, எத்தனை ஆண்டு கிடைக்கும் என்பதையே அவர்கள் விசாரிக்கிறார்கள். மனைவியோடு நடந்த சண்டையில் துப்பாக்கி வெடித்து அவள் காயமடைந்தாள். திட்டமிட்ட கொலை முயற்சி என்று அவள் புகார் கொடுத்திருக்கிறாள். மனைவியின் தங்கையோடு அவனுக்கு உறவு இருந்தது என்பது அவன் நிலைமையை இன்னும் மோசமாக்குகிறது. நீண்ட தண்டனை உறுதி என்று தெரிந்தபிறகுதான் அவர்கள் தங்கள் திட்டத்தை அவனிடம் சொல்கிறார்கள். அதாவது அவனுக்குக் கிடைக்கவிருந்த தண்டனையை நம்பித்தான் அவனைச் சேர்த்துக்கொண்டார்கள். இதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. சிறைக்குள் ஒருவன் மனத்தை அளக்க வேறு அளவுகோல் ஏது? ஆனால் அந்தத் தண்டனை இல்லாமல் போகும் நாளில் நம்பிக்கையும் இல்லாமல் போகும் என்பதை அவர்களில் யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை.

தரையை உடைக்கும் கைகள்

இரண்டாவது முறை இந்தப் படத்தை நான் அப்பாவுடன் பார்த்தேன். அவர் கிருஷ்ணகிரி பழைய பேட்டையில் இருக்கிறார். ஓசூர் சிப்காட்டில் ஒரு தொழிற்சாலையின் டூல் ரூமில் ஃபிட்டராக இருந்தவர். திரையின் கீழே ஓடும் ஆங்கில எழுத்துகளை வேகமாக வாசிக்க அவரால் முடியாது. ஆனால் இந்தப் படத்தில் பேச்சைவிட வேலை அதிகம் என்பதால் நான் இடையிடையே சொன்னதே அவருக்குப் போதுமாக இருந்தது. கட்டிலில் இருந்து கழற்றிய இரும்புத் துண்டால் அவர்கள் மாறி மாறித் தரையை உடைக்கும் காட்சியில் கேமரா ஏறக்குறைய நான்கு நிமிடம் அந்த இடத்தைவிட்டு நகராது. முதலில் சிமெண்டின் மேல் வெள்ளைக் கீறல்கள் மட்டும் விழுகின்றன. பிறகு ஒரு சில்லு பெயர்கிறது. பிறகு ஒரு பிளவு. மாடியறையில் அன்றைக்கு நண்பர்கள் அந்த இடத்தில் கைப்பேசியை எடுத்துவிட்டார்கள். அப்பா நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டு, "ஒரே எடத்துல போடுறான் பாரு, அதான் சரி" என்றார்.

ரொலாண் இரும்பு வேலை செய்யும் காட்சிகளில் அவர் முகம் மாறிவிட்டது. அரத்தைத் தள்ளும்போது மட்டும் அழுத்தம் கொடுக்க வேண்டும், இழுக்கும்போது கொடுத்தால் பல் மழுங்கிவிடும் என்று புதிதாக வேலைக்கு வரும் பையன்களுக்கு அவர் சொல்லிக்கொடுப்பதைச் சிறுவயதில் நான் கேட்டிருக்கிறேன். திரையில் அந்தக் கைகளைப் பார்த்துவிட்டு, இந்த ஆள் நடிக்கவில்லை, இவனுக்குத் தொழில் தெரியும் என்றார். கண்ணாடிச் சில்லைப் பல்துலக்கும் தூரிகையில் கட்டி, கதவின் துளை வழியாக நீட்டி நடைபாதையைப் பார்க்கும் யுக்தியை அவர் திரும்பப் போடச் சொல்லிப் பார்த்தார். இரண்டு சிறு புட்டிகளில் மணலை நிரப்பி நேரம் கணக்கிடுவதையும், அட்டைப்பெட்டி செய்யக் கொடுத்த அட்டைகளைக் குவித்துத் தரையில் உள்ள ஓட்டையை மறைப்பதையும், கட்டிலில் கிடக்கும் பொம்மையைக் கயிற்றால் அசைத்து ஆள் தூங்குவதுபோல் காட்டுவதையும் அதே கவனத்தோடுதான் பார்த்தார்.

இந்த வேலைகளில் கஸ்பார் ஒதுங்கி நிற்கவில்லை. வீட்டிலிருந்து அவனுக்கு வரும் உணவுப் பொட்டலத்தைப் பங்கிட்டுக் கொடுக்கிறான். சுரங்கத்தில் தன் முறை வரும்போது இறங்குகிறான். எல்லாவற்றுக்கும் மேலாக, பழைய நால்வரில் ஒருவனான மனூவும் அவனும் கடைசிச் சுவரைச் சுற்றித் தோண்டிக் கழிவுநீர்ச் சுரங்கத்தின் வழியாகச் சென்று, சிறைக்கு வெளியே தெருவில் உள்ள மூடியைத் தூக்கிப் பார்க்கிறார்கள். வெளியே தெரு இருக்கிறது. ஒரு டாக்சி போகிறது. இரண்டு பேரும் அப்படியே ஏறிப் போயிருக்கலாம். உள்ளே இருப்பவர்களுக்காக மூடியைத் திரும்பப் போட்டுவிட்டு, வந்த வழியே சாக்கடைக்குள் இறங்கி செல்லுக்குத் திரும்புகிறார்கள். கஸ்பார் முதலிலிருந்தே பொய்யானவன் என்று சொல்பவர்கள் இந்தக் காட்சிக்கு என்ன விளக்கம் தருவார்கள் என்று எனக்குத் தெரியவில்லை. விடுதலை கைக்கு எட்டிய தூரத்தில் இருந்தபோது அவன் உண்மையாகவே இருந்தான்.

சேலம் சிறை

அதற்கு மறுநாள்தான் சிறையதிகாரி கஸ்பாரை அழைக்கிறார். அந்த இடம் வந்ததும் அப்பா படத்தை நிறுத்தச் சொன்னார். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் நடந்த ஒரு வேலைநிறுத்தத்தைப் பற்றி எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். அதில் அப்பா சிறைக்குப் போனதும் வேலை போனதும் தெரியும். செல்லுக்குள் நடந்ததை அவர் அதுவரை சொன்னதில்லை. மறியல் செய்தவர்களை வேனில் ஏற்றி, ராயக்கோட்டைச் சாலைப் பக்கம் இருந்த ஒரு கல்யாண மண்டபத்தில் வைத்திருந்துவிட்டு, மற்றவர்களை மாலையில் விட்டுவிட்டார்கள். சங்கப் பொறுப்பாளர்கள் என்று அடையாளம் காட்டப்பட்டவர்கள்மேல் மட்டும் வழக்குப் போட்டு, நீதிபதி முன் நிறுத்தி, ராத்திரியோடு ராத்திரியாகத் தொப்பூர் கணவாய் இறங்கி சேலம் மத்திய சிறைக்குக் கொண்டுபோனார்கள். ரிமாண்டு நீட்டிக்கப்பட்டது. ஒரே செல்லில் அவர்கள் ஏழு பேர்.

மாலையில் அடைப்பு முடிந்தபிறகு பொழுது போவதுதான் பெரிய பாடு என்றார் அப்பா. அலுமினியத் தட்டைக் கழுவி வைத்துவிட்டு, சுவரோரம் தலை வைத்து வரிசையாகப் படுத்துக்கொண்டு, வெளியே போனதும் என்ன செய்வது, யார் யாரைப் பார்ப்பது, எந்தப் பிரிவில் யார் உறுதியாக நிற்பார்கள் என்று பேசுவார்களாம். பாலக்கோட்டுப் பக்கத்தைச் சேர்ந்த ஒருவரை எல்லோரும் பெரியண்ணன் என்று கூப்பிடுவார்கள். அவருடைய அம்மா படுத்த படுக்கையாக இருந்தார். மனுப் போட்டு அவரைச் சிறையில் பார்க்க வந்த தம்பி அழுதுவிட்டுப் போன அன்று ராத்திரி, பெரியண்ணன் எழுந்து உட்கார்ந்து, ஜாமீன் கிடைத்ததும் தான் உறுதிமொழிக் கடிதம் எழுதிக் கொடுத்துவிட்டு வேலைக்குத் திரும்பப்போவதாகச் சொன்னார். அப்பாவுக்கு ஆத்திரம் வந்தது. கோழை என்றே சொல்லிவிட்டாராம். ஆனால் காலையில் அதே பெரியண்ணனிடம்தான், வெளியே போனதும் எங்கள் வீட்டில் அரிசி இருக்கிறதா என்று பார்த்து வரும்படி கேட்டிருக்கிறார். பெரியண்ணனும் போய்ப் பார்த்தார். என் அக்காவின் கல்யாணத்தில் மணமேடைக்குப் பக்கத்தில் நின்றிருந்தவர் அவர்தான் என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது.

இன்னொருவர் காவேரிப்பட்டணத்துக்காரர், அவர்களில் இளையவர். ஒருநாள் பகலில் அவரை மட்டும் அலுவலக அறைக்கு அழைத்துப் போனார்கள். நெடுநேரம் கழித்துத் திரும்பி வந்தார். மாமா வந்திருந்தார், அதிகாரி நல்லவர் என்பதால் உள்ளேயே உட்காரவைத்துப் பேசவிட்டார் என்று சொன்னார். கையில் ஒரு பிஸ்கட் பொட்டலம் இருந்தது. எல்லோருக்கும் இரண்டிரண்டாகக் கொடுத்தார். வழக்கம்போல அன்றும் பேச்சு நடந்தது, அவரும் பேசினார். அடுத்த வாரம் அவருக்கு மட்டும் முதலில் ஜாமீன் கிடைத்தது. பிறகு தொழிற்சாலையில் நடந்த உள்விசாரணையில், அந்தச் செல்லுக்குள் படுத்துக்கொண்டு பேசியவையெல்லாம் யார் சொன்னது, எப்போது சொன்னது என்று வரிசையாக எழுத்தில் வந்தன. அப்பாவோடு இன்னும் சிலருக்கும் வேலை போயிற்று. வந்திருந்தவர் மாமா இல்லை என்பதும் அப்போதுதான் தெரிந்தது. அப்பா இவ்வளவையும் பதற்றமில்லாமல் சொன்னார். ஒரே ஒரு இடத்தில்தான் குரல் உடைந்தது. "அவன் போனதை நான் சொல்லலடா. போயிட்டு வந்து எங்க பக்கத்துல உக்காந்தான் பாரு, அதைத்தான் சொல்றேன். அந்த பிஸ்கட்டை நானும்தான் தின்னேன்."

காட்டப்படாத பேச்சு

பிறகு படத்தைத் தொடர்ந்தோம். சிறையதிகாரி கஸ்பாரிடம் கடுமையாக எதுவும் பேசுவதில்லை. படத்தின் தொடக்கத்தில் ஒரு சிகரெட் லைட்டர் விவகாரத்தில் அவனை விசாரிக்கும்போதே, இவன் பண்பான பையன் என்ற எண்ணம் அவருக்கு வந்துவிட்டது. இப்போது நல்ல செய்தி சொல்லவே அழைத்திருக்கிறார்: மனைவி புகாரைத் திரும்பப் பெறுகிறாள், சீக்கிரம் விடுதலையாகிவிடலாம். அந்தப் பேச்சின் தொடக்கத்தை நாம் பார்க்கிறோம். அதன் முடிவை இயக்குநர் காட்டுவதே இல்லை. செல்லில் காத்திருக்கும் நால்வரோடு நம்மையும் காத்திருக்க வைத்துவிடுகிறார். அவன் திரும்பி வந்து புகார் திரும்பப் பெறப்பட்டதைச் சொல்கிறான். இவ்வளவைச் சொல்லவா இவ்வளவு நேரம் என்று அவர்கள் கேட்கிறார்கள். மனூ அவன் முகத்தையே பார்க்கிறான். எதுவும் சொல்லவில்லை என்று கஸ்பார் உறுதி சொல்கிறான். அவர்கள் நம்புகிறார்கள், அல்லது நம்ப முடிவுசெய்கிறார்கள். அன்றிரவு புறப்படும் நேரத்தில், பல்துலக்கும் தூரிகையில் கட்டிய கண்ணாடியைத் துளை வழியாக நீட்டிப் பார்த்தால், நடைபாதை முழுக்கக் காவலர்கள் நிற்கிறார்கள்.

இதே படத்தில் இன்னொருவனும் பின்வாங்குகிறான் என்பதை மாடியறையில் யாருமே பேசவில்லை. பழைய நால்வரில் ஒருவனான ஜேயோ, தான் தப்பிக்கப்போவதில்லை என்று சொல்லிவிடுகிறான். அவன் தப்பினால் போலீஸ் அவன் அம்மாவைத் தேடிப் போகும். நோயாளியான அவளால் அதைத் தாங்க முடியாது. தோண்டும் வேலையில் கடைசிவரை கூட இருக்கிறான், மற்றவர்கள் போனபிறகு அதன் விளைவையும் அவனே தாங்க வேண்டியிருக்கும், ஆனாலும் போகமாட்டான். மற்றவர்கள் யாரும் அவனைத் துரோகி என்று சொல்லவில்லை. அவனுக்கு ஒரு தனிக் காரணம் இருந்தது. அதை அந்த நான்கு சுவருக்குள் எல்லோர் முகத்துக்கும் நேராகச் சொன்னான். கஸ்பாருக்கும் ஒரு தனிக் காரணம் வந்தது. அது அவனுக்கு வேறொரு அறையில் வைத்துக் கொடுக்கப்பட்டது. இரண்டு பேரையும் பிரிப்பது இந்த ஒரு வித்தியாசம்தான் என்று நான் இப்போது நினைக்கிறேன். அப்பா பெரியண்ணனைக் கல்யாணத்துக்கு அழைத்ததற்கும் காவேரிப்பட்டணத்துக்காரரைத் தெருவில் கண்டால் இன்றும் முகத்தைத் திருப்பிக்கொள்வதற்கும் காரணம் வேறு எதுவும் இருக்க முடியாது.

கஸ்பாரின் இக்கட்டு ஜேயோவுடையதைவிடப் பெரியது என்பதையும் சொல்ல வேண்டும். விடுதலையாகப்போகிறவனின் செல்லில் ஒரு சுரங்கம் இருக்கிறது. அவன் மற்றவர்களோடு போனால் விடுதலை போயிற்று. போகாமல் உள்ளேயே இருந்தாலும், மறுநாள் காலையில் அந்த ஓட்டைக்கு அவனும் பொறுப்பாளி. வாயை மூடிக்கொண்டு தப்பிக்க அவனுக்கு வழியே இல்லை. அந்த நிலையில் அவன் செய்யக்கூடியதாக இருந்தது ஒன்றே ஒன்று: செல்லுக்குத் திரும்பி, எனக்கு இப்படி ஒரு வாய்ப்பு வந்திருக்கிறது, என்னை என்ன செய்யச் சொல்கிறீர்கள் என்று அவர்களிடமே கேட்பது. கேட்டிருந்தால் அவர்கள் அவனைக் கொன்றிருக்கலாம். கட்டிப்போட்டுவிட்டுப் போயிருக்கலாம், அதுவே பின்னால் அவனைக் காப்பாற்றியும் இருக்கலாம். அப்படிக் கேட்கும் துணிவை அந்த அறையின் மரியாதையான பேச்சு அவனிடமிருந்து எடுத்துவிட்டது. அடித்து மிரட்டியிருந்தால் ஒருவேளை அவன் ஐவரில் ஒருவனாகவே இருந்திருப்பான். நீ இவர்களைப் போன்றவன் இல்லை என்று ஒருவர் அன்போடு சொல்லும்போதுதான் மனிதன் தனியாகிறான். நிர்வாகம் எதுவாக இருந்தாலும், சிறையாக இருந்தாலும் தொழிற்சாலையாக இருந்தாலும், கூட்டாக நிற்பவர்களில் ஒருவரை மட்டும் அழைத்து உட்காரவைத்துப் பேசுவதன் பலனை நன்றாக அறிந்தே வைத்திருக்கிறது.

சேலம் சிறை என்றதும் எங்கள் மாவட்டத்தில் பலருக்கு நினைவுக்கு வருவது வாச்சாத்தி என்ற பழங்குடிக் கிராமம்தான். சந்தனக்கட்டை தேடுவதாகச் சொல்லி வனத்துறையினரும் போலீசாரும் வருவாய்த்துறையினரும் அந்த ஊருக்குள் புகுந்து 1992 ஜூன் 20 அன்று தொடங்கிய கொடுமையில், 90 பெண்களும் 28 குழந்தைகளும் உட்பட 133 பேரைப் பிடித்து அங்கேதான் அடைத்தார்கள். தர்மபுரி நீதிமன்றம் குற்றம்சாட்டப்பட்ட அரசு ஊழியர்கள் 269 பேரையும் குற்றவாளிகள் என்று தீர்ப்பளித்தது 2011 செப்டம்பரில். அதற்குள் அவர்களில் 54 பேர் இறந்துபோயிருந்தார்கள். சென்னை உயர்நீதிமன்றம் அதை உறுதிசெய்ய 2023 ஆயிற்று. அந்த மலையடிவாரத்துப் பெண்கள் இத்தனை ஆண்டுகள் ஒரே சொல்லில் நின்றதைச் செல்லுக்குள் உண்டாகும் தோழமையை மட்டும் வைத்து விளக்கிவிட முடியாது. அவர்கள் எல்லோருக்கும் நேர்ந்தது ஒன்று, ஊரும் ஒன்று, திரும்பிப் போய் ஒருவர் முகத்தில் மற்றவர் விழிக்க வேண்டிய வாழ்க்கையும் ஒன்று. லா சாந்தேயின் ஐந்து பேருக்கு அப்படி எதுவும் கிடையாது. ஒரே பூட்டுதான் அவர்களைச் சேர்த்து வைத்திருந்தது, ஒருவனுக்கு மட்டும் அந்தப் பூட்டு திறக்கப்போகிறது என்றதும் அவர்களுக்குள் பொதுவாக ஒன்றும் மிஞ்சவில்லை. ஜேயோவையும் ரொலாணையும் மனூவையும் நான் உயர்வாக மதிப்பது இதனால்தான்: மிஞ்சாத இடத்திலும் அவர்கள் சொன்ன சொல்லைக் காத்தார்கள்.

படத்தின் கடைசியில் அவர்களை உடை களைந்து சுவரோடு நிறுத்தியிருக்கிறார்கள். கஸ்பாரை வேறு செல்லுக்குக் கொண்டுபோகிறார்கள். மனூ அவன்மேல் பாய்ந்து, காவலர்களால் இழுத்துப் பிடிக்கப்பட்டிருக்கிறான். ரொலாண் மட்டும் அவனைப் பார்த்து, "பாவம், கஸ்பார்" என்று சொல்கிறான். அதில் குத்தல் இருப்பதாக நண்பர்கள் சொன்னார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. இனி எந்த அறையில் அடைத்தாலும், எந்த வீட்டுக்குப் போனாலும் அவன் பக்கத்தில் ஆளில்லாதவன் என்பதை ரொலாண் அந்த நொடியில் கண்டுகொள்கிறான். உண்மையான இரக்கத்தோடு அதைச் சொல்கிறான். அந்த வேடத்தில் நடித்தவர் நிஜத்தில் அதே இழப்பைச் சந்தித்தவர் என்பதால் அந்தச் சொல்லுக்கு நான் இன்னும் அதிக எடை தருகிறேன்.

அப்பா இதை ஏற்கவில்லை. ரொலாண் பெரிய மனுஷன், சொல்லிட்டான், என்னால முடியாது என்றார். காவேரிப்பட்டணத்துக்காரரும் அந்தத் தொழிற்சாலையில் அதிக காலம் நிலைக்கவில்லை, நிர்வாகத்துக்கு அவர் தேவை முடிந்ததும் அவரையும் வெளியே அனுப்பிவிட்டார்கள், இப்போது மகனோடு கிருஷ்ணகிரியிலேயே இருக்கிறார் என்று அம்மா உள்ளேயிருந்து சொன்னார். அது தனக்கும் தெரியும் என்று அப்பா சொன்னார். அவரைப் போய்ப் பார்த்தால் என்ன என்று நான் கேட்டேன். அவன் வந்து சொல்லட்டும், அன்றைக்கு அந்த அறையில் என்ன பேசினார்கள் என்று முழுசா சொல்லட்டும், அதற்குப் பிறகு பாவமா இல்லையா என்று நான் முடிவு பண்ணிக்கொள்கிறேன் என்றார். நான் மேற்கொண்டு வாதாடவில்லை. செல்லுக்குள் கஸ்பாரிடம் மனூ கேட்டதும் அதே கேள்விதான்.